சொந்தமில்லாத மலையை நம்பி நடக்கும் வணிகம்

இந்தியாவில் நிறுவன சமூகப் பொறுப்பு என்றதும் நினைவுக்கு வருவது இரண்டு சதவீதம் என்ற கணக்குதான். நிகர மதிப்பு 500 கோடி ரூபாய், விற்றுமுதல் 1,000 கோடி ரூபாய், நிகர லாபம் 5 கோடி ரூபாய் என்ற வரம்புகளில் ஏதேனும் ஒன்றை எட்டும் நிறுவனம், முந்தைய மூன்று ஆண்டுகளின் சராசரி நிகர லாபத்தில் குறைந்தது 2 சதவீதத்தைச் சமூகப் பணிகளுக்குச் செலவிட வேண்டும் என்று 2013ஆம் ஆண்டின் நிறுவனங்கள் சட்டம் தன் 135ஆவது பிரிவில் விதித்திருக்கிறது. அமெரிக்காவில் இப்படி ஒரு சட்டம் இல்லை. அங்கே கொடுப்பதும் கொடுக்காததும் நிறுவனத்தின் விருப்பம். அதனால், ஒரு தொழில்துறை யாரும் கட்டாயப்படுத்தாமலே தனக்குத் தானே எவ்வளவு தூரம் எல்லை வகுத்துக்கொள்கிறது, எந்த இடம் வந்ததும் நின்றுவிடுகிறது என்பதை அறிய அந்த நாடு ஏற்ற களம். அதிலும் கூடாரம், முதுகுப்பை, மலையேற்றக் கயிறு, மழைச்சட்டை ஆகியவற்றைச் செய்து விற்கும் துறை, பொறுப்பைப் பற்றி மற்ற எல்லாத் துறைகளையும்விட உரக்கப் பேசுவது.

அது அப்படிப் பேசுவதற்குக் காரணம் நல்லெண்ணம் மட்டுமல்ல. சிமென்ட் ஆலைக்குச் சுண்ணாம்புக் கல் எப்படியோ, இந்தத் துறைக்கு மலையும் ஆறும் காடும் அப்படி. ஆனால் அவற்றில் ஒரு பிடி மண்கூட அதற்குச் சொந்தமில்லை. அமெரிக்க நிலப்பரப்பில் ஏறத்தாழ 28 சதவீதம், அதாவது 64 கோடி ஏக்கர் அளவு நிலம், ஒன்றிய அரசின் கையில் இருக்கிறது. மலையேறுபவரும் படகோட்டுபவரும் போய்ச் சேர்வது பெரும்பாலும் அங்கேதான். அந்த நிலத்தில் எண்ணெய்க் கிணறு வந்தால் கூடாரம் விற்காது. அந்நாட்டின் பொருளாதாரப் பகுப்பாய்வுப் பணியகம் கணக்கிட்டபடி, வெளிப்புறப் பொழுதுபோக்கு சார்ந்த பொருளாதாரத்தின் மதிப்பு 2023இல் சுமார் 64,000 கோடி டாலர், மொத்த உள்நாட்டு உற்பத்தியில் 2.3 சதவீதம். இவ்வளவு பெரிய வணிகம் பிறருடைய நிலத்தை நம்பி நிற்கும்போது, நிலத்தைக் காப்பது தர்மமா, தன் கடையைக் காத்துக்கொள்வதா என்ற கேள்வி தவிர்க்க முடியாதது. இரண்டும் ஒன்றாகவே இருக்கட்டும், அதில் குற்றமில்லை. தன் நலனும் பொதுநலனும் பிரிந்து போகும் இடத்தில் நிறுவனம் எந்தப் பக்கம் நிற்கிறது என்பதுதான் பார்க்கத் தகுந்தது.

தொடக்கக் காலத்தில் இத்துறை தந்த ஒரு விடை, நான் அறிந்தவரை, பின்னால் வந்த எல்லா அறிக்கைகளையும்விட மதிக்கத்தக்கது. கலிபோர்னியாவைச் சேர்ந்த மலையேறி ஈவோன் ஷுனார்ட் 1957இல் கொல்லுத் தொழிலைத் தானே கற்றுக்கொண்டு, பாறை வெடிப்புகளில் அடித்து இறக்கும் பிட்டன் என்னும் எஃகு ஆணிகளைச் செய்து விற்கத் தொடங்கினார். 1970 வாக்கில் அவருடைய நிறுவனமே அமெரிக்காவில் மலையேற்றக் கருவிகளை அதிகம் விற்பது என்ற நிலை வந்துவிட்டது. அதே காலத்தில் கலிபோர்னியாவின் யோசெமிட்டிப் பள்ளத்தாக்கின் பாறைகளில், ஆணியை அடித்து இறக்கியும் பிடுங்கியும் வெடிப்புகள் சிதைந்து அகன்றுகொண்டிருந்தன. விற்பனையில் பெரும்பகுதி ஆணியிலிருந்துதான் வந்தது என்று தெரிந்தும், ஷுனார்டும் அவருடைய கூட்டாளியும் அதைப் படிப்படியாகக் கைவிட முடிவு செய்தார்கள். 1972இல் வந்த அவர்களுடைய விற்பனைப் பட்டியல், பாறையைக் காயப்படுத்தாமல் ஏறுவது எப்படி என்ற நீண்ட கட்டுரையோடு வெளிவந்தது. சுத்தியல் இல்லாமல் கையாலேயே செருகி எடுக்கக்கூடிய அலுமினியக் கட்டைகள் ஆணிகளின் இடத்தைப் பிடித்தன. சில மாதங்களிலேயே ஆணி வணிகம் சரிந்தது. புதிய கட்டைகளோ செய்து முடிப்பதற்குள் விற்றுத் தீர்ந்தன. இந்த முடிவு அவர்களை நஷ்டத்தில் தள்ளவில்லை என்பது உண்மை. ஆனால் எடுக்கும்போது அது தெரிந்திருக்க வழியில்லை.

அந்தக் கருவிக் கடையிலிருந்து கிளைத்த துணி வணிகம்தான் படகோனியா. அதன் அலுவலகம் இருக்கும் வென்ச்சுரா நகரில் 1970களில் ஓர் இளம் உயிரியலாளர், செத்துப்போனதாக எல்லோரும் கைவிட்டிருந்த வென்ச்சுரா ஆற்றில் இன்னும் உயிரினங்கள் வாழ்கின்றன என்று நகரமன்றத்தில் படங்களைக் காட்டி வாதாடினார். நிறுவனம் அவருக்குச் செய்தது சிறிய உதவி: உட்கார ஒரு மேசை, கடிதம் வர ஒரு முகவரி, கைச்செலவுக்குக் கொஞ்சம் பணம். பெரிய தேசிய அமைப்புகளுக்குக் காசோலை அனுப்புவதைவிட, ஓர் ஆற்றையோ ஒரு பள்ளத்தாக்கையோ பிடித்துக்கொண்டு விடாமல் நிற்கும் சிறு குழுக்களுக்குத் தருவது என்ற அதன் வழக்கம் இங்கிருந்து வளர்ந்தது. 1980களின் நடுப்பகுதியில் லாபத்தில் ஒரு பங்கைக் கொடுக்கத் தொடங்கிய நிறுவனம், பிறகு அதை விற்பனையில் ஒரு சதவீதம் என்று மாற்றிக்கொண்டது. 2002இல் ஷுனார்டும், மொன்டானா மாநிலத்தில் தூண்டில் கடை நடத்திவந்த கிரெய்க் மேத்யூஸும் சேர்ந்து, மற்ற நிறுவனங்களும் இதே உறுதியை ஏற்பதற்காக ‘ஒன் பெர்சென்ட் ஃபார் தி பிளானெட்’ என்ற அமைப்பைத் தொடங்கினார்கள்.

விற்பனையில் ஒன்று என்பதற்கும் லாபத்தில் இரண்டு என்பதற்கும் உள்ள வேறுபாடு சதவீதத்தில் இல்லை. லாபம் என்பது கணக்கரின் மேசையில் கூடவும் குறையவும் கூடியது. நஷ்டம் வந்த ஆண்டில் அதில் இரண்டு சதவீதம் என்பது பூஜ்யம். விற்பனையை அப்படி வளைக்க முடியாது. நூறு ரூபாய்க்கு விற்று ஐந்து ரூபாய் லாபம் பார்க்கும் ஒரு கடை, விற்பனையில் ஒரு சதவீதம் தருவதாக ஒப்புக்கொண்டால் தன் லாபத்தில் ஐந்தில் ஒரு பங்கைத் தந்துவிடுகிறது. கெட்ட ஆண்டிலோ கையிலிருந்து போட வேண்டியிருக்கும். அதைக் கொடை என்பதைவிட வரி என்பதே பொருத்தம் என்று படகோனியா சொல்லிக்கொண்டதில் நியாயம் இருக்கிறது. ஆனால் கொடுக்க வேண்டும் என்று தீர்மானித்தவர் நிறுவனம். யாருக்கு, எதற்கு என்று தீர்மானிப்பவரும் நிறுவனமே. அரசு விதிக்கும் வரிக்கும் இதற்கும் உள்ள இந்த இடைவெளியை மனத்தில் வைத்துக்கொள்வது நல்லது.

விளம்பரத்தின் பக்கம் வரும்போது கதை சிக்கலாகிறது. 2011 நவம்பரில், அமெரிக்கர்கள் கடைகளை மொய்க்கும் ‘பிளாக் ஃபிரைடே’ நாளன்று, நியூயார்க் டைம்ஸ் நாளிதழில் படகோனியா ஒரு முழுப்பக்க விளம்பரம் வெளியிட்டது. தன்னுடைய ஒரு ஜாக்கெட்டின் படத்தைப் போட்டு, அதற்கு மேல் ‘இந்த ஜாக்கெட்டை வாங்காதீர்கள்’ என்று அச்சிட்டிருந்தது. அதைச் செய்ய 135 லிட்டர் தண்ணீர் செலவாகிறது, ஜாக்கெட்டின் எடையைப் போல் 24 மடங்கு கரியமில வாயு வெளியாகிறது என்ற விவரங்களும் கீழே இருந்தன. அடுத்த ஆண்டு நிறுவனத்தின் விற்பனை ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு உயர்ந்தது. இதை வெறும் தந்திரம் என்று தள்ளிவிட முடியாது. பழைய உடைகளைப் பழுதுபார்த்துத் தருவதும் வாங்கி மறுவிற்பனை செய்வதும் அங்கே உண்மையாகவே நடக்கின்றன. ஆயினும், வாங்காதே என்று சொல்லும் கடையை நம்பி மக்கள் மேலும் வாங்குகிறார்கள் என்றால், நல்ல பெயரும் ஒரு சரக்காகிவிட்டது என்றுதான் பொருள். இந்த முரணிலிருந்து வெளியேறும் வழியை அந்த நிறுவனம் கண்டுபிடிக்கவில்லை. வேறு எவரும் கண்டுபிடித்ததாகவும் தெரியவில்லை.

2015இல், இதே வகைக் கருவிகளை விற்கும் ஆர்.இ.ஐ. வேறு விதமாக முயன்றது. 1938இல் சியாட்டிலில் லாயிட் ஆண்டர்சன், மேரி ஆண்டர்சன் தம்பதி மலையேறும் நண்பர்களோடு தொடங்கிய நுகர்வோர் கூட்டுறவுச் சங்கம் அது. அந்த ஆண்டு பிளாக் ஃபிரைடே அன்று தன் 143 கடைகளையும் மூடி, ஊழியர்களுக்குச் சம்பளத்துடன் விடுமுறை அளித்து, எல்லோரும் வெளியே போய் நடங்கள் என்றது. ஊர் மெச்சியது. அதே ஆர்.இ.ஐ.யின் நியூயார்க் சோஹோ கடை ஊழியர்கள் 2022இல் தொழிற்சங்கம் அமைக்க முன்வந்தபோது, நிர்வாகம் சங்கம் வேண்டாம் என்று பிரசாரம் செய்தது. வாக்கெடுப்பில் 88க்கு 14 என்ற கணக்கில் சங்கம் வென்றது. ஊழியருக்கு ஒரு நாள் விடுமுறையை நிர்வாகம் தானாகக் கொடுக்கும்போது அது பெருந்தன்மை. ஊழியரே சம்பளத்தையும் வேலை நேரத்தையும் பேச மேசையில் இடம் கேட்டால் நெருக்கடி. இத்துறையின் சமூகப் பொறுப்பு எங்கே தயங்குகிறது என்பதை இந்த ஒரு கடை காட்டிவிடுகிறது.

கடைக்காரரையாவது வாடிக்கையாளர் பார்க்கிறார். துணி நெய்பவரைப் பார்ப்பதில்லை. படகோனியா தன் ஆடைகளைத் தைக்கும் ஆலைகளைப் பல ஆண்டுகளாகத் தணிக்கை செய்துவந்தது. அந்த ஆலைகளுக்குத் துணி தரும் நெசவாலைகளை 2011இல் தணிக்கை செய்யத் தொடங்கியபோது, தைவானில் வேறொரு உண்மை வெளிப்பட்டது. வியட்நாம், தாய்லாந்து, இந்தோனேசியா, பிலிப்பைன்ஸ் நாடுகளிலிருந்து அங்கே வேலைக்கு வந்த தொழிலாளர்கள் தரகர்களுக்கு 7,000 டாலர் வரை கொடுத்து அந்த வேலையைப் பெற்றிருந்தார்கள். கடனை அடைக்கும்வரை விலக முடியாத நிலை. வளைகுடா நாட்டு வேலைக்கு ஏஜென்ட்டிடம் பணம் கட்டியவர்களை அறிந்த தமிழ் வாசகருக்கு இதை விரித்துச் சொல்லத் தேவையில்லை. இனி தொழிலாளரிடம் கட்டணம் வாங்கக்கூடாது, முன்பு வாங்கியதைத் திருப்பித்தர வேண்டும் என்று நிறுவனம் ஆலைகளுக்கு விதி வகுத்து, நடந்ததை வெளியிலும் சொன்னது. சொன்னது பாராட்டத்தக்கது. ஆனாலும், பொறுப்புக்குப் பேர்போன ஒரு நிறுவனமே தன் துணி நெய்யப்படும் இடத்தை எட்டிப்பார்க்க இத்தனை காலம் எடுத்துக்கொண்டது என்றால், பேர் வாங்காத நிறுவனங்களின் நெசவாலைகள் எப்படி இருக்கும் என்று ஊகிக்கலாம்.

மழைச்சட்டையில் நீர் ஒட்டாமல் உருண்டோடச் செய்யும் ஃபுளோரின் வேதிப்பொருள்களின் கதையும் இதைப் போன்றதே. மண்ணிலும் நீரிலும் சிதையாமல் தங்கிவிடும் இவற்றைக் கைவிடும்படி கிரீன்பீஸ் உள்ளிட்ட அமைப்புகள் 2010களில் நெருக்கின. தூய மலைக்காற்றை விளம்பரத்தில் காட்டும் நிறுவனங்கள், மாற்றுப் பொருள் அதே அளவு உழைக்காது என்று ஆண்டுக்கணக்கில் தள்ளிப்போட்டன. 2022இல் கலிபோர்னியா மாநிலம் சட்டம் இயற்றி, இத்தகைய துணிகளின் விற்பனைக்கு 2025 ஜனவரி முதல் தடை விதித்தது. கடும் மழைக்கான சிறப்பு உடைகளுக்கு மட்டும் 2028 வரை அவகாசம் தந்தது. தானே மாறுவேன் என்று சொல்லிவந்த துறை முழுவதும் மாறுவதற்கு ஒரு நாள் குறிக்கப்பட்டது சட்டத்தால்தான்.

சட்டம் என்றதும், இத்துறை அதிகம் பேச விரும்பாத ஓர் ஒப்பீட்டைச் சொல்ல வேண்டும். அமெரிக்காவில் வேட்டைத் துப்பாக்கிக்கும் தோட்டாவுக்கும் 11 சதவீத உற்பத்தி வரி உண்டு. 1937இல் வந்த பிட்மன்-ராபர்ட்சன் சட்டத்தின்படி அந்தப் பணம் வனவிலங்குப் பாதுகாப்புக்காக மாநிலங்களுக்குப் போகிறது. தூண்டில் கருவிகளுக்கு 1950இல் அதே போன்ற வரி வந்தது. ஆக, விலங்கைச் சுடுபவரும் மீனைப் பிடிப்பவரும் தாம் வாங்கும் ஒவ்வொரு பொருளிலும் காட்டுக்கான பங்கைச் செலுத்துகிறார்கள். 1990களில் இதே ஏற்பாட்டைக் கூடாரம், முதுகுப்பை, இருநோக்கி போன்றவற்றுக்கும் நீட்டித்து, அதிகபட்சம் 5 சதவீதம் வரி வைக்கலாம் என்ற திட்டம் வந்தது. எதிர்த்தவர்களில் முன்னணியில் இருந்தது வெளிப்புறக் கருவித் தொழில்துறை. இறக்குமதிச் சரக்குக்கு ஏற்கெனவே அதிகச் சுங்கம் கட்டுகிறோம், மேலும் வரி வந்தால் எளியவர்கள் மலைக்கு வரமாட்டார்கள் என்பது அதன் வாதம். சுங்கம் அதிகம் என்பது பொய்யல்ல. சில வகைக் காலணிகளுக்கு அது 37.5 சதவீதம். கடைசியில் திட்டம் சட்டமாகவில்லை, பின்னர் எழுந்த அதே போன்ற யோசனைகளும் நிறைவேறவில்லை. அதற்குப் பதிலாக, கடலடி எண்ணெய் வருவாயிலிருந்து நிலப் பாதுகாப்புக்கு ஆண்டுக்கு 90 கோடி டாலரை நிரந்தரமாக ஒதுக்கும் 2020ஆம் ஆண்டுச் சட்டத்திற்கு இத்துறை முழுமூச்சாக ஆதரவு திரட்டியது. நல்ல சட்டம்தான். இருந்தாலும் அதில் செலவாவது எண்ணெய்ப் பணம், கூடாரப் பணம் அல்ல. படகோனியாவின் ஒரு சதவீதத்தை வியந்து பேசும்போது, அதைத் துறை முழுவதற்கும் கட்டாயமாக்கும் வாய்ப்பு ஒருமுறை கைக்கெட்டும் தூரத்தில் வந்துபோனதையும் சேர்த்தே பேச வேண்டும்.

நிலத்துக்கான சண்டையில் இத்துறை அதிகம் வெளிச்சம் பெற்றது யூட்டா மாநிலத்தின் பேர்ஸ் இயர்ஸ் விவகாரத்தில். செம்பாறைப் பள்ளத்தாக்குகளும், பல்லாயிரம் தொல்லியல் தடயங்களும் நிறைந்த அந்நிலம் ஹோபி, நவஹோ, ஸூனி, யூட் மவுண்டன் யூட், யூயின்டா-யூரே யூட் ஆகிய ஐந்து பழங்குடி நாட்டினரின் மூதாதையர் வாழ்ந்தது, இன்றும் அவர்கள் மூலிகை பறிக்கவும் வழிபடவும் செல்வது. 2015இல் இந்த ஐவரும் ஒரு கூட்டணியாகச் சேர்ந்து, அதைத் தேசிய நினைவுச்சின்னமாக, அதாவது ஒன்றிய அரசின் பாதுகாப்புப் பெற்ற நிலமாக, அறிவிக்கும்படி கேட்டார்கள். 2016 டிசம்பர் 28 அன்று அதிபர் ஒபாமா 13.5 லட்சம் ஏக்கரை அவ்வாறு அறிவித்தார். 2017 டிசம்பர் 4 அன்று அதிபர் டிரம்ப் அதில் ஏறத்தாழ 85 சதவீதத்தை வெட்டினார். அன்று மாலை படகோனியாவின் இணையதள முகப்பு கறுப்பாக மாறி, ‘அதிபர் உங்கள் நிலத்தைத் திருடிவிட்டார்’ என்ற வரியைக் காட்டியது. இரண்டு நாள்களில் அது அரசின் மேல் வழக்கும் தொடுத்தது. அதற்கு முன்பே, மாநில அரசின் நிலக் கொள்கையைக் கண்டித்து, இருபது ஆண்டுகளாக சால்ட் லேக் சிட்டியில் நடந்துவந்த ‘அவுட்டோர் ரீடெய்லர்’ வணிகக் கண்காட்சி அந்த நகரை விட்டு டென்வருக்குப் போக முடிவு செய்திருந்தது. ஆண்டுக்குச் சுமார் 4.5 கோடி டாலர் வருவாய் மாநிலத்தின் கையைவிட்டுப் போயிற்று. ஒரு தொழில்துறை தன் பணபலத்தை நிலத்துக்காக இப்படி வெளிப்படையாகப் பயன்படுத்துவது அரிது.

ஆனால் அந்தக் கறுப்புத் திரையில் இருந்த ‘உங்கள் நிலம்’ என்ற சொற்களில் உங்கள் என்பது யாரை? இணையத்தில் ஜாக்கெட் வாங்க வந்தவரை. ஐந்து பழங்குடி நாட்டினர் நிறுவனத்துக்கு முன்பாகவே, டிசம்பர் 4 அன்றே, தங்கள் வழக்கைப் பதிவு செய்துவிட்டார்கள். ஊடகங்களில் அதிகம் பேசப்பட்டது நிறுவனத்தின் வழக்கு. மலையேறிக்கு அது ஏறத்தகுந்த பாறை, அவர்களுக்கோ கல்லறையும் கோயிலும். வெளிச்சம் பட்ட இடத்துக்குக் கூட்டம் வரும். வந்த கூட்டம் பானை ஓடுகளைப் பொறுக்கும், பாறை ஓவியத்தைத் தொட்டுப்பார்க்கும். சுரங்கத்திலிருந்து நிலத்தைக் காப்பதில் கருவி விற்பவரும் பழங்குடியினரும் ஒரே பக்கம். கூட்டத்திலிருந்து காப்பது என்று வரும்போது அப்படிச் சொல்ல முடியாது, ஏனென்றால் கூட்டம்தான் முன்னவருக்கு வாடிக்கை. 2021 அக்டோபரில் அதிபர் பைடன் பழைய எல்லையை மீட்டார். கண்காட்சி 2023இல் சால்ட் லேக் சிட்டிக்கே திரும்பியது. படகோனியாவும் வேறு சில நிறுவனங்களும் அங்கே போக மறுத்தன.

இதே தொழிலின் மறுகோடியில், நேபாளத்தின் கும்பு பகுதியில், கேட்டுச் செய்வது என்ற வேறொரு மரபு உண்டு. எவரெஸ்ட் ஏறிய எட்மண்ட் ஹில்லரி, ஷெர்பாக்களுக்கு என்ன வேண்டும் என்று அவர்களிடமே கேட்டார். பள்ளிக்கூடம் என்றார்கள். 1961இல் கும்ஜுங் பள்ளி எழுந்தது. பிறகு அவருடைய ஹிமாலயன் டிரஸ்ட் வழியாக மேலும் பள்ளிகளும் மருத்துவமனைகளும் வந்தன. 2003இல் போர்ட்சே ஊரில், அமெரிக்க மலையேறிகளின் ஓர் அறக்கட்டளை, மலையில் சுமை தூக்கிப் பிழைப்பவர்களுக்குப் பாதுகாப்பாக ஏறும் முறைகளைக் கற்றுத்தரும் பயிற்சி நிலையத்தைத் தொடங்கியது. எனினும் 2014 ஏப்ரல் 18 அன்று எவரெஸ்டின் பனியருவிப் பகுதியில் பனிச்சரிவில் 16 நேபாளத் தொழிலாளர்கள் இறந்தபோது, அரசு முதலில் அறிவித்த உதவி குடும்பத்துக்கு 40,000 நேபாள ரூபாய், ஏறக்குறைய 400 டாலர். ஒரு நல்ல மலையேற்ற ஆடையின் விலைகூட அதைத் தாண்டும். அந்தப் பருவத்தில் ஷெர்பாக்கள் மலையேற மறுத்தார்கள். கட்டாயக் காப்பீட்டுத் தொகை 15,000 டாலர் அளவுக்கு உயர்ந்தது அந்த மறுப்பின் அழுத்தத்தால். எந்த நிறுவனத்தின் அறிக்கையாலும் அல்ல.

2022 செப்டம்பரில் ஷுனார்ட் குடும்பம் சுமார் 300 கோடி டாலர் மதிப்புள்ள படகோனியாவையே கொடுத்துவிட்டது. வாக்குரிமை உள்ள பங்குகள், மொத்தத்தில் 2 சதவீதம், ஒரு அறக்கட்டளைக்குச் சென்றன; வாக்குரிமையற்ற 98 சதவீதம் ‘ஹோல்ட்ஃபாஸ்ட் கலெக்டிவ்’ என்ற லாபநோக்கற்ற அமைப்புக்குச் சென்றது. வணிகத்துக்குத் திருப்பி முதலீடு செய்தது போக மிஞ்சும் பணம், ஆண்டுக்கு ஏறத்தாழ 10 கோடி டாலர் என்பது அன்றைய மதிப்பீடு, இயற்கையைக் காக்கும் பணிகளுக்கு அந்த அமைப்பின் வழியாகப் போகும். விற்றிருந்தால் கோடிக்கணக்கில் வரி கட்ட வேண்டியிருக்கும், அது மிச்சமாயிற்று என்று சிலர் சுட்டிக்காட்டினார்கள். அது சரியே, குடும்பத்துக்குப் பணமாக எதுவும் வரவில்லை என்பதும் சரியே. ஆணியைக் கைவிட்ட 1972ஆம் ஆண்டு முடிவின் நீட்சியாகவே நான் இதைப் பார்க்கிறேன். விற்கவும் முடியாது, வாரிசுகள் பங்கு போட்டுக்கொள்ளவும் முடியாது என்று தன் கையைத் தானே கட்டிக்கொள்ளும் செயல் அது.

ஆனால் வாக்குரிமையை வைத்திருக்கும் அறக்கட்டளையை வழிநடத்துபவர்கள் குடும்பத்தாரும் அவர்களுக்கு நெருங்கிய ஆலோசகர்களும்தான். பணம் கைமாறியது, முடிவெடுப்பது மாறவில்லை. அதே ஆண்டு ஜூன் மாதம், பேர்ஸ் இயர்ஸ் நிலத்தைக் கூட்டாக நிர்வகிப்பதற்கு ஒன்றிய அரசின் நிலத்துறையும் வனத்துறையும் அந்த ஐந்து பழங்குடி நாட்டினரோடு ஓர் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டன. எந்தப் பாதையைத் திறப்பது, எதை மூடுவது, வருபவர்களுக்கு அந்த நிலத்தைப் பற்றி என்ன சொல்வது என்ற பேச்சில் அங்கே அவர்களுக்கு இடம் உண்டு. கூடாரமும் ஜாக்கெட்டும் விற்கும் நிறுவனம் எதுவும் அந்த ஒப்பந்தத்தில் ஒரு தரப்பல்ல.